திருட்டுப் பிரிண்ட் வந்தால் யாருக்கு, எவ்வளவு நஷ்டம்? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

புதுப் படங்களின் திருட்டுப் பிரதிகள் இணையத்தில் வருவது பற்றிப் பேச்சு எழும்போதெல்லாம் அதே கேள்விகள்தான் திரும்பத் திரும்ப வருகின்றன. அவற்றை இங்கே ஒரே இடத்தில் சேர்த்திருக்கிறேன். பெரும்பாலும் தமிழ் சினிமாவை வைத்தே பேசுகிறேன். பக்கத்து மாநிலங்களும் வெளிநாட்டு ஆய்வுகளும் தேவைப்பட்ட இடத்தில் வரும். சட்டம் பற்றிய பதில்கள் இந்தியச் சட்டத்துக்கு மட்டும் பொருந்தும். அதுவும் பொதுவான தகவல்தான். உங்கள் மேல் வழக்கு என்று ஏதாவது வந்தால் வக்கீலைப் பாருங்கள், இந்தப் பக்கத்தை அல்ல.

வருடத்துக்கு 20,000 கோடி ரூபாய் நஷ்டம் என்கிறார்களே, உண்மையா?

அந்த எண் 2023-இல் ஒளிப்பதிவுச் சட்டத் திருத்தம் நாடாளுமன்றத்துக்கு வந்தபோது மத்திய அரசு சொன்னது: திருட்டுப் பிரதிகளால் திரைத்துறைக்கு ஆண்டுக்கு 20,000 கோடி வரை இழப்பு என்றார்கள். அடுத்த வருடம், 2024 அக்டோபரில், எர்ன்ஸ்ட் அண்ட் யங் நிறுவனமும் இந்திய இணைய, மொபைல் சங்கமும் சேர்ந்து ஓர் அறிக்கை வெளியிட்டன. 2023-இல் இந்தியாவில் திருட்டு உள்ளடக்கத்தின் மொத்த மதிப்பு 22,400 கோடி, அதில் தியேட்டரில் திருடப்பட்டது 13,700 கோடி, ஓடிடியில் திருடப்பட்டது 8,700 கோடி என்று பிரித்துக் காட்டியது அது. அரசுக்கு ஜிஎஸ்டி இழப்பு மட்டும் 4,300 கோடி வரை இருக்கலாம் என்றும், படம், தொடர் பார்க்கிறவர்களில் 51 சதவீதம் பேர் ஏதோ ஒரு வகையில் திருட்டுப் பிரதி பார்க்கிறார்கள் என்றும் சொன்னது.

இதை இன்னொரு எண்ணோடு வைத்துப் பாருங்கள். ஆர்மேக்ஸ் மீடியா கணக்குப்படி 2023-இல் இந்தியத் தியேட்டர்களின் மொத்த வசூல், எல்லா மொழியும் சேர்த்து, 12,226 கோடி. அதாவது திருட்டினால் தியேட்டர் தரப்பில் போனதாகச் சொல்லப்படும் தொகை, தியேட்டர்கள் உண்மையில் சம்பாதித்ததைவிட அதிகம். திருட்டுத் தளங்கள் எல்லாம் ஒரே நாளில் ஒழிந்தால் நாட்டில் தியேட்டர் வசூல் இரண்டு மடங்கைத் தாண்டிவிடுமா? எனக்கு நம்பிக்கை இல்லை. இலவசமாகக் கிடைத்ததால் பார்த்தவர்களில் ஒரு பகுதியினர், காசு கொடுத்துத்தான் பார்க்க வேண்டும் என்றால் பார்க்காமலே இருந்திருப்பார்கள்.

எனவே இந்த எண்களைத் திருட்டு எவ்வளவு பரவியிருக்கிறது என்பதற்கான அளவாக எடுத்துக்கொள்ளுங்கள். தயாரிப்பாளரின் பாக்கெட்டிலிருந்து போன பணம் என்று படிக்க வேண்டாம்.

அப்படியானால் நஷ்டமே இல்லை என்கிறீர்களா?

இல்லை. நஷ்டம் இருக்கிறது, ஆனால் எல்லாப் படத்துக்கும் எல்லா நாளும் ஒரே அளவில் இல்லை. எந்தப் படம், எந்த நாளில், எவ்வளவு தெளிவான பிரதி என்பதைப் பொறுத்து அது மாறும். மொத்தப் பக்கத்திலும் நான் சொல்ல வருவது இதுதான்.

ஹாலிவுட் படங்களை வைத்து அமெரிக்க ஆய்வாளர்கள் 2014-இல் வெளியிட்ட கட்டுரை ஒன்று இருக்கிறது. ரிலீஸுக்கு முன்பே திருட்டுப் பிரதி வெளிவந்த படங்கள், ரிலீஸுக்குப் பிறகு திருட்டுப் பிரதி வந்த படங்களைவிட சராசரியாக 19.1 சதவீதம் குறைவாக வசூலித்தன என்று அவர்கள் கண்டார்கள். கவனியுங்கள், ஒப்பீடு திருடப்பட்ட படத்துக்கும் திருடப்படாத படத்துக்கும் இடையில் இல்லை. முன்னால் திருடப்பட்டதற்கும் பின்னால் திருடப்பட்டதற்கும் இடையில். நாள்தான் விஷயம்.

எகோரிஸ் என்ற நிறுவனத்தை வைத்து ஐரோப்பிய ஆணையம் காசு கொடுத்துச் செய்யச் சொன்ன ஆய்வு இன்னும் சுவாரசியமானது. இசை, புத்தகம், விளையாட்டு, படம் என்று எல்லாவற்றையும் 6 நாடுகளில் அலசினார்கள். திருட்டினால் விற்பனை குறைகிறது என்பதற்குப் பொதுவாக உறுதியான புள்ளிவிவர ஆதாரம் கிடைக்கவில்லை. ஒரே ஒரு விதிவிலக்கு: அண்மையில் வந்த பெரிய படங்கள். அவற்றைத் திருட்டுத்தனமாக 10 முறை பார்த்தால், நியாயமாகப் பார்ப்பது சுமார் 4 முறை குறைகிறது. 2015-இல் முடிந்த இந்த அறிக்கை உடனே வெளியே வரவில்லை. ஐரோப்பிய நாடாளுமன்ற உறுப்பினர் ஒருவர் கேட்டுக் கேட்டு 2017-இல்தான் வந்தது.

நம்மூரில் பத்திரிகைகள் போடும் கணக்கு எப்படி இருக்கும் தெரியுமா? 10 லட்சம் டவுன்லோடு, டிக்கெட் 150 ரூபாய், ஆகவே நஷ்டம் 15 கோடி. எகோரிஸ் கணக்கை அப்படியே இங்கே பொருத்த முடியாது, இது ஐரோப்பா இல்லை. ஆனாலும் பத்துக்குப் பத்து என்று பெருக்குவது தப்பு என்பதற்கு அது போதும். அதேபோல், திருட்டினால் யாருக்கும் நஷ்டமில்லை, பார்ப்பவன் எப்படியும் வந்திருக்க மாட்டான் என்று சொல்கிறவர்களுக்கும் அந்தப் பத்தில் நான்குதான் பதில்.

முதல் சில நாட்களுக்கு ஏன் இவ்வளவு முக்கியத்துவம்?

தமிழ்ப் படம் விற்கப்படும் விதம் அப்படி. தமிழ்நாடு பல ஏரியாக்களாகப் பிரிக்கப்பட்டிருக்கிறது: சென்னை சிட்டி, வட ஆற்காடு, தென் ஆற்காடு, செங்கல்பட்டு சேர்ந்த என்.எஸ்.சி., கோவை, மதுரை, திருச்சி–தஞ்சை, சேலம், நெல்லை–கன்னியாகுமரி. ஒவ்வோர் ஏரியாவுக்கும் ஒரு வினியோகஸ்தர். அவர் எம்.ஜி., அதாவது மினிமம் கியாரண்டியில் வாங்கியிருந்தால், படம் ஓடினாலும் ஓடாவிட்டாலும் கொடுத்த பணம் கொடுத்ததுதான். அட்வான்ஸ் முறை என்றால், கொடுத்த பணத்தைவிட வசூல் குறைந்தால் அந்த வித்தியாசத்தைத் தயாரிப்பாளர் திருப்பித் தர வேண்டியிருக்கும்.

தியேட்டரில் வசூலாகும் பணம் வரி போக, தியேட்டர்காரருக்கும் வினியோகஸ்தருக்கும் பிரிகிறது. முதல் வாரத்தில் வினியோகஸ்தர் பங்கு அதிகம். வாரம் போகப் போக அது குறைந்து, தியேட்டர்காரர் பங்கு கூடும். ஆக, படத்தை எடுத்தவருக்கும் வாங்கியவருக்கும் ஒரு டிக்கெட்டில் மிக அதிகமாகக் கிடைப்பது முதல் வாரத்தில்தான்.

இப்போது கூட்டிப் பாருங்கள். ஒரு பெரிய படம் ஒரே நேரத்தில் நூற்றுக்கணக்கான தியேட்டரில் இறங்குகிறது. வெள்ளி, சனி, ஞாயிறு மூன்று நாளில் போட்ட பணத்தில் பெரும் பகுதியை எடுத்துவிட வேண்டும். வெள்ளிக்கிழமை இரவே தெளிவான பிரதி மொபைலுக்கு வந்துவிட்டால், ஞாயிற்றுக்கிழமை குடும்பத்தோடு போகலாம் என்று இருந்தவர்களில் சிலர் வீட்டிலேயே உட்கார்ந்துவிடுவார்கள். முதல் நாள் முதல் காட்சிக்கு அடித்துப் பிடித்துப் போகும் ரசிகர் எப்படியும் போயிருப்பார்; அவரைத் திருட்டுப் பிரதி தடுக்காது. நழுவுவது அந்த ஞாயிற்றுக்கிழமைக் குடும்பம். நான்கு டிக்கெட், பார்க்கிங், இடைவேளையில் பாப்கார்ன், எல்லாம் சேர்த்து.

எம்.ஜி. கொடுத்த வினியோகஸ்தருக்கு அடி விழுந்தால் அது அவரோடு நிற்பதில்லை. அடுத்த படத்துக்குக் குறைத்துக் கேட்பார், அல்லது எம்.ஜி.யே வேண்டாம், கமிஷனுக்கு ஓட்டித் தருகிறேன் என்பார். அப்போது முழு ரிஸ்க்கும் தயாரிப்பாளர் தலையில். அவர் பெரும்பாலும் ஃபைனான்ஸியரிடம் வட்டிக்கு வாங்கித்தான் படம் எடுத்திருப்பார்.

லீக் ஆன படங்கள் சில பெரிய ஹிட் ஆகியிருக்கின்றனவே?

ஆகியிருக்கின்றன. 2013-இல் பவன் கல்யாண் நடித்த 'அத்தாரின்டிகி தாரேதி' ரிலீஸாகும் முன்பே சுமார் 90 நிமிடக் காட்சிகள் வெளியே வந்துவிட்டன. அவசர அவசரமாக ரிலீஸ் தேதியை முன்னுக்கு இழுத்து செப்டம்பர் 27-ஆம் தேதி இறக்கினார்கள். அதுவரை வந்த தெலுங்குப் படங்களில் மிகப் பெரிய வசூல்களில் ஒன்றாக அது அமைந்தது. 2015-இல் மலையாளப் 'பிரேமம்' தியேட்டரில் ஓடிக்கொண்டிருக்கும்போதே தணிக்கைக்குக் கொடுத்த பிரதி வெளியே கசிந்தது. அப்படியும் அந்தப் படம் சென்னையிலேயே 200 நாட்களைத் தாண்டி ஓடியது.

இதிலிருந்து திருட்டு நல்லது என்று முடிவுக்கு வரக்கூடாது. முதல் உதாரணத்தில் ரசிகர்கள் அதைத் தங்கள் நடிகருக்கு நேர்ந்த அநியாயமாக எடுத்துக்கொண்டார்கள், தயாரிப்பாளரும் தேதியை மாற்றி வேகமாகச் செயல்பட்டார். இரண்டாவதில், கசிந்தபோது படத்துக்கு ஏற்கெனவே ஒரு மாதப் பேச்சு இருந்தது. இப்படி ஒரு படம் பிழைத்தால் நமக்கு நினைவிருக்கும். கசிந்து, சத்தமில்லாமல் மூன்றாம் நாள் தூக்கப்பட்ட படங்களின் பெயர் யாருக்கும் நினைவிருக்காது.

சின்னப் படத்துக்கு இது இலவச விளம்பரம்தானே?

ஓரளவு உண்மை, அதனால்தான் இந்த வாதம் சாகாமல் இருக்கிறது. 2012 ஜனவரியில் அமெரிக்க அரசு, திருட்டுப் படங்கள் ஏராளமாகப் பகிரப்பட்ட மெகாஅப்லோடு தளத்தை மூடியது. அதற்குப் பிறகு தியேட்டர் வசூல் என்ன ஆனது என்று ஐரோப்பிய ஆய்வாளர்கள் பார்த்தார்கள். நிறையத் தியேட்டரில் வெளியான பெரிய படங்களுக்கு லாபம். மற்றவற்றுக்கு அது கிடைக்கவில்லை, வசூல் கொஞ்சம் குறையக்கூடச் செய்தது. வாய்வழிப் பேச்சு குறைந்ததுதான் காரணமாக இருக்கலாம் என்றார்கள். 2020-இல் வந்த இன்னொரு ஆய்வும், ரிலீஸுக்குப் பிந்தைய திருட்டு உண்டாக்கும் பேச்சினால் வசூல் சுமார் 3 சதவீதம் கூடக்கூடும் என்றது. ரிலீஸுக்கு முந்தைய திருட்டுக்கு அது பொருந்தாது என்பதையும் அதே ஆய்வு சொல்கிறது.

ஆனால் தமிழ்ச் சூழலில் ஒரு சிக்கல் இருக்கிறது. வாய்வழிப் பேச்சு பரவி ஜனம் தியேட்டருக்குத் திரும்பி வர வேண்டுமென்றால், படம் அப்போது தியேட்டரில் இருக்க வேண்டும். சின்னப் படத்துக்குக் கிடைப்பதே சில காட்சிகள், அதுவும் காலைக் காட்சி, மதியக் காட்சி. அடுத்த வெள்ளிக்கிழமை இன்னும் நாலைந்து படம் வந்துவிடும். பேச்சு கிளம்பும் நேரத்தில் படம் தியேட்டரில் இருக்காது, டெலிகிராமில் இருக்கும். பாராட்டு கிடைக்கும், பணம் கிடைக்காது. மேலும், ஓடிடி நிறுவனங்கள் இப்போதெல்லாம் தியேட்டர் வசூலைப் பார்த்துத்தான் விலை பேசுகின்றன. தியேட்டரில் இழந்ததை ஓடிடியில் பிடித்துக்கொள்ளலாம் என்ற கதவும் அந்த அளவுக்குச் சுருங்கிவிடுகிறது.

பிரிண்ட் எங்கிருந்துதான் வெளியே போகிறது?

மூன்று வழி.

முதலாவது, பழைய வழி: தியேட்டரில் உட்கார்ந்து கேமராவில் எடுப்பது. கேம் பிரிண்ட் என்பது அதுதான். தலைகள் எழுந்து போகும், விசில் சத்தம் கேட்கும் என்ற காலமெல்லாம் போய்விட்டது. இன்றைய மொபைல் கேமரா போதும். 2024 ஜூலையில் 'ராயன்' ஓடிக்கொண்டிருந்த திருவனந்தபுரம் தியேட்டர் ஒன்றில், மொபைலில் படம்பிடித்துக்கொண்டிருந்த மதுரைக்காரர் ஒருவரைக் கேரளப் போலீஸ் பிடித்தது. அதே வருடம் அக்டோபரில், மலையாள 'ஏ.ஆர்.எம்.' படத்தைத் திருடிய வழக்கில் சத்தியமங்கலத்தைச் சேர்ந்த இருவரைக் கொச்சிப் போலீஸ் பெங்களூரில் கைது செய்தது. படம்பிடித்தது கோயம்புத்தூர் தியேட்டரில். மலையாளப் படம், தமிழ்நாட்டுத் தியேட்டர், கர்நாடகாவில் கைது! ஒரு மாநிலப் போலீஸால் மட்டும் இதைத் துரத்த முடியாது என்பதற்கு வேறு விளக்கம் வேண்டாம்.

படம் வெளிநாட்டில் முந்திய நாளே, சில நேரம் சில மணி நேரம் முன்னால், திரையிடப்படுவதும் இதில் சேரும். இங்கே முதல் காட்சி தொடங்குவதற்குள் அங்கே எடுத்தது வந்துவிடலாம். 2018-இல் 'காலா' வெளியானபோது சிங்கப்பூர்த் தியேட்டரில் உட்கார்ந்து ஃபேஸ்புக் லைவில் படத்தை ஓட்டிய ஒருவர் பிடிபட்டார்.

இரண்டாவது, உள்ளேயிருந்தே கசிவது. எடிட்டிங், கிராஃபிக்ஸ், டப்பிங், தணிக்கை என்று ஒரு படம் பல கைகள் வழியாகப் போகிறது. 'பிரேமம்' கசிந்தது தணிக்கைப் பிரதியிலிருந்து. அடுத்த வருடம் 'உட்தா பஞ்சாப்' இந்திப் படமும் ரிலீஸுக்கு இரண்டு நாள் முன்பு அப்படித்தான் வந்தது. திரையிலேயே தணிக்கைக்கானது என்ற எழுத்து இருந்தது. 2021 பொங்கலுக்கு 'மாஸ்டர்' வரும் முன்பு அதன் காட்சித் துணுக்குகள் பரவியபோது, தயவுசெய்து பகிராதீர்கள் என்று இயக்குநர் லோகேஷ் கனகராஜ் ட்விட்டரில் கேட்க வேண்டியிருந்தது. கோவிட் முடிந்து தியேட்டருக்கு ஜனம் வருமா என்று தொழிலே ஏங்கிக்கொண்டிருந்த நேரம் அது. நல்லவேளையாக வந்தார்கள். ரிலீஸுக்கு முன்பே நடப்பது இந்த வழியில்தான் என்பதால், மூன்றிலும் ஆபத்தானது இதுவே.

மூன்றாவது, ஓடிடி. படம் ஓடிடியில் வந்த சில மணி நேரத்தில் எச்.டி. பிரிண்ட் எல்லா இடத்திலும் இருக்கும். பூட்டுப் போட்டுத்தான் அனுப்புகிறார்கள். உடைக்கும் மென்பொருளும் இருக்கத்தான் செய்கிறது. 

எந்தத் தியேட்டரில் எடுத்தார்கள் என்று கண்டுபிடிக்க முடியுமா?

முடியும். இப்போது படம் பெட்டியில் வருவதில்லை, டிஜிட்டல் கோப்பாக வருகிறது. அது பூட்டப்பட்டிருக்கும். குறிப்பிட்ட தியேட்டரின் குறிப்பிட்ட சர்வரில், குறிப்பிட்ட தேதிகளுக்குள் மட்டும் திறக்கும் சாவி தனியாக அனுப்பப்படும். சென்னையைச் சேர்ந்த க்யூப் போன்ற நிறுவனங்கள் செய்வது இந்த வேலை. படம் ஓடும்போது கண்ணுக்குத் தெரியாத ஒரு முத்திரையையும் கருவி பதித்துக்கொண்டே போகும். எந்தக் கருவி, எந்த நாள், எந்த நேரம் என்ற விவரம் அதில் இருக்கும். கேமராவில் எடுத்த பிரதியிலிருந்தும் அதை மீட்டெடுக்கலாம்.

2018 அக்டோபரில் தமிழ்த் தயாரிப்பாளர் சங்கம் இப்படிச் சிக்கிய 10 தியேட்டர்களின் பட்டியலை வெளியிட்டு, அவற்றுக்குப் புதுப் படம் தரக்கூடாது என்றது. தியேட்டர்காரருக்குத் தெரியாமல் எவனோ ஒருவன் டிக்கெட் வாங்கி வந்து எடுத்திருந்தால் அவர் என்ன செய்வார் என்ற கேள்வியும் நியாயமானதுதான். ஆனால் ஒரே தியேட்டரின் பெயர் மீண்டும் மீண்டும் வந்தால் அந்தச் சமாதானம் செல்லாது.

இதன் குறை ஒன்றுதான். எல்லாம் நடந்து முடிந்த பிறகுதான் முத்திரை பேசும். அதற்குள் முதல் வாரம் போயிருக்கும்.

நீதிமன்றம் தளங்களை முடக்கியும் ஏன் மறுபடி வந்துவிடுகின்றன?

2018 நவம்பரில் '2.0' வெளியாவதற்கு முன், அதைத் தயாரித்த லைகா நிறுவனம் கேட்டதன் பேரில் சென்னை உயர் நீதிமன்றம் 12,000-க்கும் மேற்பட்ட இணைய முகவரிகளை முடக்க உத்தரவிட்டது. அவற்றில் சுமார் 2,000 தமிழ்ராக்கர்ஸ் என்ற திருட்டுத் தளம் தொடர்பானவை. படம் 29-ஆம் தேதி வந்தது. அன்றே தமிழ்ராக்கர்ஸிலும் வந்தது. காரணம் எளிது: பெயரின் கடைசி இரண்டு மூன்று எழுத்தை மாற்றிப் புது முகவரி வாங்க சில நூறு ரூபாயும் சில நிமிடமும் போதும்.

அதைவிட முன்பு, 2012-இல், '3', 'தம்மு' ஆகிய படங்களுக்காக அதே நீதிமன்றத்தில் முகம் தெரியாத எதிர்மனுதாரருக்கு எதிராகத் தடை வாங்கினார்கள். இந்தியாவில் அந்த அநாமதேயருக்கு 'அசோக் குமார்' என்று பெயர். எத்தனையோ நிஜ அசோக் குமார்கள் பாவம். உத்தரவைக் கையில் வைத்துக்கொண்டு இணைய நிறுவனங்கள் விமியோ, டெய்லிமோஷன் போன்ற முழுத் தளங்களையே அடைத்துவிட்டன. நாடு முழுக்கக் கத்தினார்கள். அந்த ஜூன் மாதம் நீதிமன்றம், குறிப்பிட்ட பக்க முகவரியை மட்டும்தான் தடுக்க வேண்டும், தளத்தையே இல்லை என்று தெளிவுபடுத்தியது.

டெல்லி உயர் நீதிமன்றம் 2019 ஏப்ரலில், யுடிவி தொடுத்த வழக்கில் நடுவழி ஒன்றைக் காட்டியது. முழுக்க முழுக்கத் திருட்டுக்காகவே இயங்கும் தளம் என்றால் தளத்தையே தடுக்கலாம். அது புது முகவரியில் வந்தால் புதிதாக வழக்குப் போட வேண்டாம், பழைய உத்தரவிலேயே சேர்த்துக்கொள்ளலாம். இன்று பெரிய படங்களுக்கு வாங்கும் தடைகள் பெரும்பாலும் இந்த மாதிரியில்தான்.

பலன் உண்டா? பிரிட்டனில் 2012-இல் பைரேட் பே என்ற ஒரே தளத்தை அடைத்தபோது நியாயமான வழியில் பார்ப்பவர்கள் கூடவில்லை. அடுத்த வருடம் 19 தளங்களைச் சேர்த்து அடைத்தபோது, காசு கட்டிப் பார்ப்பது சுமார் 12 சதவீதம் கூடியது. அதாவது ஒன்றை மூடினால் ஜனம் அடுத்ததுக்குப் போகும். தேடித் தேடி அலுக்கும் அளவுக்கு மூடினால் சிலர் விட்டுவிடுவார்கள். முதல் மூன்று நாள் அலுப்பூட்ட முடிந்தாலே தயாரிப்பாளருக்குப் பெரிய உதவி.

இந்தத் தளங்களை நடத்துகிறவர்கள் யார்? அவர்களுக்கு என்ன கிடைக்கிறது?

பணம் கிடைக்கிறது. பணக்காரத் தயாரிப்பாளரிடம் எடுத்து ஏழைக்குக் கொடுக்கும் ராபின்ஹூட் என்று சிலர் இன்னும் நம்புவது எனக்கு ஆச்சரியம்தான். தளத்தைத் திறந்ததும் பாய்ந்து வருகிற சூதாட்ட ஆப் விளம்பரம், ஆபாசத் தள விளம்பரம், உங்கள் மொபைலில் வைரஸ் இருக்கிறது என்று பயமுறுத்தும் பெட்டி, எல்லாம் அவர்களுக்கு வருமானம். உங்கள் மொபைலில் எதையாவது இறக்க வைத்துவிட்டால் இன்னும் அதிகம்.

தமிழ்கன் தளம் தொடர்பாக 2017-இலும், தமிழ்ராக்கர்ஸ் தொடர்பாக 2018 மார்ச்சில் கேரளப் போலீஸாலும் கைதுகள் நடந்தன. 2017-இல் தயாரிப்பாளர் சங்கத் தலைவரான நடிகர் விஷால் திருட்டுத் தளங்களை ஒழிப்பதையே தன் முக்கிய வாக்குறுதியாக வைத்திருந்தார். தமிழ்ராக்கர்ஸ் 2020-இல் மறைந்தது. அந்த இடம் காலியாக இருந்ததா என்ன, வேறு பெயர்கள் வந்து உட்கார்ந்தன. 2025 நவம்பரில் தெலுங்குப் பக்கம் பிரபலமான ஐபொம்மாவை நடத்தியதாக ஒருவரை ஹைதராபாத் போலீஸ் கைது செய்தது. சூதாட்ட ஆப்களை வளர்க்கவும் அந்தத் தளம் பயன்பட்டது என்றார்கள் போலீஸார்.

டெலிகிராமில் பார்த்தால் யாருக்கும் தெரியாதுதானே?

அப்படி உறுதியாக இருக்க வேண்டாம். 2022 ஆகஸ்டில், பயிற்சி வகுப்புப் பாடங்களைத் திருடிப் பகிர்ந்த சேனல்கள் பற்றிய வழக்கில், அவற்றை நடத்தியவர்களின் விவரத்தைத் தர டெலிகிராமுக்கு டெல்லி உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. நிறுவனமும் தொலைபேசி எண் உள்ளிட்ட விவரங்களைக் கொடுத்தது. சேனல் நடத்துகிறவருக்குத்தான் அது பொருந்தும், பார்ப்பவருக்கு இல்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

வெறுமனே பார்ப்பது குற்றமா?

2016-இல் தடைசெய்யப்பட்ட பக்கங்களைத் திறந்தவர்களுக்கு, பார்த்தாலே மூன்று வருடச் சிறை என்பதுபோல ஒரு எச்சரிக்கை வந்து பலர் பயந்துபோனார்கள். அந்த ஆகஸ்டில் 'டிஷூம்' இந்திப் பட வழக்கில் பம்பாய் உயர் நீதிமன்றம், பார்ப்பது மட்டுமே குற்றமாகாது, பிரதி எடுத்துப் பரப்புவது, அனுமதியில்லாமல் பொதுவில் காட்டுவது, விற்பது, வாடகைக்கு விடுவதுதான் குற்றம் என்று சொல்லி, அந்த எச்சரிக்கையைத் திருத்த வைத்தது.

ஆனால் குழுவில் ஃபார்வர்டு செய்வது வேறு. நீங்கள் பரப்புகிறீர்கள். 1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் 63-ஆம் பிரிவில் தெரிந்தே மீறினால் 6 மாதம் முதல் 3 வருடம் வரை சிறை, 50,000 முதல் 2 லட்சம் வரை அபராதம்.

தியேட்டரில் ஹீரோ என்ட்ரியை மட்டும் எடுத்து ஸ்டேட்டஸ் வைக்கலாமா?

வேண்டாம். ஒளிப்பதிவுச் சட்டத்தின் 2023 திருத்தம் படத்தின் ஒரு பகுதியை எடுப்பதையும் சேர்த்தே தடை செய்கிறது. அப்புறம், பக்கத்து சீட்டுக்காரர் கண்ணில் வெளிச்சம் அடிப்பது தனிக் குற்றம், அதற்குச் சட்டம் இன்னும் வரவில்லை.

தண்டனை எவ்வளவு?

2023 திருத்தத்தின்படி தியேட்டரில் திருட்டுப் பிரதி எடுத்தால் குறைந்தது 3 மாதம், அதிகபட்சம் 3 வருடம் சிறை. அபராதம் குறைந்தது 3 லட்சம்; ஆடிட்டர் கணக்குப் பார்த்த படத்தின் தயாரிப்புச் செலவில் 5 சதவீதம் வரை போகலாம். 100 கோடிப் படம் என்றால் 5 கோடி.

தமிழ்நாட்டில் இதைவிடக் கடுமையான ஒன்று ஏற்கெனவே இருக்கிறது. திருட்டு விசிடி உச்சத்தில் இருந்த 2004-இல், 1982-ஆம் ஆண்டு குண்டர் தடுப்புச் சட்டத்தில் வீடியோ திருடர்களையும் சேர்த்தார்கள். விசாரணைக்கு முன்பே ஒரு வருடம் வரை உள்ளே வைக்கலாம். விசிடி விற்றவருக்கு அது அதிகம் என்பது என் கருத்து. சென்னை பர்மா பஜாரில் கடை போட்டவர் கையில் கிடைத்தார், மூலப் பிரதி எடுத்தவர் கிடைக்கவில்லை.

டிக்கெட் விலையும் பாப்கார்ன் விலையும் அப்படி இருந்தால் ஜனம் என்ன செய்யும்?

இந்தக் கோபத்தில் நியாயம் இருக்கிறது. சென்னை மல்டிபிளெக்ஸில் நான்கு பேர் போய்ச் சாப்பிட்டு வந்தால் ஆயிரத்துக்கு மேல் போய்விடும். தினக்கூலிக் குடும்பத்துக்கு அது பண்டிகைச் செலவு. ஆனால் டிக்கெட் விலைக்குத் தமிழ்நாட்டில் உச்சவரம்பு இருக்கிறது, பல மாநிலங்களைவிடக் குறைவு. பாப்கார்ன்தான் கட்டுக்குள் இல்லை, அதில் தயாரிப்பாளருக்கு ஒரு பைசாவும் போவதில்லை.

எனக்குப் பெரிதாகத் தெரிவது வேறு ஒரு விஷயம்: காத்திருப்பு. தமிழ்ப் படங்கள் பெரும்பாலும் நான்கு வாரத்தில் ஓடிடிக்கு வருகின்றன. வடக்கே உள்ள மல்டிபிளெக்ஸ்கள் இந்திப் பதிப்புக்கு எட்டு வாரம் கேட்கின்றன. அதனால்தான் 2023-இல் 'லியோ'வின் இந்திப் பதிப்பை அந்தத் தொடர் தியேட்டர்கள் எடுக்கவில்லை. இடைவெளி குறைவாக இருந்தால் தியேட்டர்காரருக்கு வயிற்றெரிச்சல், நீண்டால் திருட்டுக்குச் சந்தை. இரண்டுக்கும் ஒரே நேரத்தில் மருந்து இல்லை. அந்த 2024 அறிக்கையில், திருட்டுப் பிரதி பார்ப்பவர்களில் 64 சதவீதம் பேர் விளம்பரத்தோடு இலவசமாக நியாயமான வழியில் கிடைத்தால் அதற்கு மாறத் தயார் என்றிருந்தார்கள். தொழில்துறை படிக்க வேண்டிய எண் 22,400 கோடியைவிட அதுதான்.

ஒரு திருட்டு இணைப்பைப் பார்த்தால் எங்கே புகார் செய்வது?

2023 நவம்பரில் தகவல் ஒலிபரப்பு அமைச்சகமும் தணிக்கை வாரியமும் சேர்ந்து 12 அதிகாரிகளை இதற்காக நியமித்தன. உரிமையாளரோ அவர் அனுமதி பெற்றவரோ புகார் செய்தால் 48 மணி நேரத்துக்குள் நடவடிக்கை என்பது ஏற்பாடு. சாதாரணப் பார்வையாளரும் தெரிவிக்கலாம், ஆனால் அதிகாரி முதலில் விசாரிப்பார். 48 மணி நேரம் என்பது வெள்ளி மாலையிலிருந்து ஞாயிறு மாலை வரை என்பதை மட்டும் கவனத்தில் வையுங்கள். தயாரிப்பு நிறுவனத்தின் அதிகாரபூர்வக் கணக்குக்கு இணைப்பை நேரடியாக அனுப்பினால் பல நேரம் வேகமாக நடக்கும். பொதுவில் ட்வீட் செய்து, 'இதோ இங்கே இருக்கிறது பாருங்கள்' என்று காட்டிக்கொடுக்காதீர்கள். அது அந்தத் தளத்துக்கு ஆள் அனுப்புவதாக ஆகிவிடும்.

பழைய படங்கள் எங்கேயுமே கிடைப்பதில்லை. அதை இறக்கிப் பார்த்தாலும் தப்பா?

சட்டப்படி தப்புதான். இந்தியாவில் ஒரு படத்தின் பதிப்புரிமை அது வெளியானதற்கு அடுத்த வருடத்திலிருந்து 60 வருடம். ஆக, எழுபதுகளின் படங்களுக்கு உரிமை இன்னும் உயிரோடு இருக்கிறது. நடைமுறையில் யாரிடம் இருக்கிறது என்று அந்தக் குடும்பங்களுக்கே சில நேரம் தெரியாது. நெகட்டிவ் ஒருவரிடம், சாட்டிலைட் உரிமை இன்னொருவரிடம், இணைய உரிமை பற்றி அந்தக் கால ஒப்பந்தத்தில் ஒரு வார்த்தைகூட இருக்காது. அப்படிச் சிக்கிய படத்தைப் பார்ப்பதால் யாருடைய முதல் வாரமும் கெடப்போவதில்லை என்பதால், இதைப் புதுப் படத் திருட்டோடு ஒரே தட்டில் வைக்க எனக்கு மனம் வரவில்லை.

இறக்குவதற்கு முன் யூடியூபில் ஒருமுறை தேடிவிடுங்கள். ஏ.பி. இன்டர்நேஷனல் போன்ற உரிமை வாங்கிய நிறுவனங்கள் ஏராளமான பழைய தமிழ்ப் படங்களை முழுதாக, இலவசமாக வைத்திருக்கின்றன. விளம்பரம் வரும், பிரிண்ட் சில நேரம் மங்கலாக இருக்கும், இயக்குநர் பெயரைத் தப்பாகப் போட்டிருப்பார்கள். ஆனால் நீங்கள் தேடும் கறுப்பு வெள்ளைப் படம் அங்கே இருக்க வாய்ப்பு அதிகம்.